நாதஸ்வரம் காணவில்லை

ஒரு பொருளைக் காணவில்லை என்று சொல்லிக்கொண்டு வருகிறவனைப் பார்த்து, காவல் நிலையத்து ஏட்டு முதல் வீட்டுப் பாட்டி வரையில் உலகத்தார் அனைவரும் கேட்கும் முதற்கேள்வி, "எங்கெங்கே தேடினாய்?" என்பதே. இந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல முடியாதவனுடைய புகாரை எந்த ஏட்டும் எழுதிக்கொள்வதில்லை. எந்தப் பாட்டியும் எழுந்து வந்து தேடுவதில்லை. ஆனால் கணினியில் சங்கீதம் செய்வதற்கென்று மேல்நாட்டார் சிருஷ்டித்திருக்கும் மென்பொருள்களுக்கு மட்டும் இந்தக் கட்டுப்பாடு கிடையாது. உமது பாட்டில் இருந்த இன்னின்ன வாத்தியங்களைக் காணவில்லை என்று அவை அறிவித்துவிட்டு, தாங்கள் எந்த அறையில் எட்டிப் பார்த்தோம், எந்தப் பெட்டியைத் திறந்தோம் என்பதைப் பற்றி ஒரு வார்த்தையும் பேசாமல், "சரி" என்ற ஒரே பொத்தானை நம் முன்னே நீட்டுகின்றன. இழவுச் செய்திக்குச் "சரி" என்று ஒப்பம் இடுவதைத் தவிர வேறு மார்க்கம் நமக்கு வைக்கப்படவில்லை.

இதைச் சொல்ல எனக்கு என்ன பாத்தியதை என்று வாசகர் கேட்கலாம். கூட்டுறவுச் சங்கமொன்றில் பற்று வரவு எழுதியே தலை நரைத்து ஓய்வு பெற்றவன் நான். திண்டுக்கல் நாகல் நகரில் மாடியோடு கூடிய ஒரு சிறு வீடும், தகப்பனார் வைத்துப்போன ஆர்மோனியமும், சனிக்கிழமைப் பஜனையில் அதை வாசிக்கும் உரிமையும் என் சொத்துக்கள். இஞ்சினீயரிங் கல்லூரியில் படிப்பைத் தவிர மற்ற யாவற்றையும் மிகுந்த சிரத்தையுடன் கற்றுத் தேறிய என் அக்காள் மகன், எங்கள் மாடி அறையின் சுவர்களில் முட்டை அட்டைகளையும் பழைய ஜமுக்காளத்தையும் ஒட்டி, ஒரு கணினியையும் ஒரு மைக்கையும் இரண்டு ஸ்தாயிக்கு மேல் நீளாத ஒரு கீபோர்டையும் கொண்டு வந்து வைத்து, ஸ்டூடியோ என்று அதற்கு நாமகரணமும் செய்துவிட்டு, உத்தியோகம் கிடைத்துப் பெங்களூருக்குப் போய்விட்டான். அவன் போனான், ஸ்டூடியோ போகவில்லை. கும்பாபிஷேகத்துக்கு ஆட்டோ விளம்பரம், காதணி விழாவுக்கு வரவேற்புப் பாட்டு, தைப்பூசத்துக்குப் பாதயாத்திரைப் பாட்டு என்று படியேறி வருகிறவர்களுக்கு இல்லையென்று சொல்லும் தைரியம் இல்லாத காரணத்தால், நான் அதன் ஏக நிர்வாகியானேன்.

கணினிச் சங்கீதத்தின் அந்தரங்கம் அறியாதவர்களுக்கு இவ்விடத்தில் ஒரு விளக்கம் அவசியமாகிறது. இசை மென்பொருள் என்பது தானாக ஒரு ஸ்வரமும் பாடாது. தடங்களை வரிசையாக அடுக்குவதும், காலப் பிரமாணம் காட்டுவதும், கூட்டுவதும் குறைப்பதுமே அதன் வேலை. பாட்டில் ஒலிக்கிற வீணையும் தவிலும் எதிரொலியும் பிளகின் என்று சொல்லப்படும் தனித்தனிச் சிறு நிரல்கள். வெவ்வேறு தேசத்தார் செய்தவை. மென்பொருள் அவற்றை வேண்டும்போது கூப்பிட்டுக்கொள்ளும். ஜெர்மனியில் ஹாம்பர்க் நகரத்து ஸ்டைன்பெர்க் என்னும் கம்பெனியார் 1996-இல் விஎஸ்டி என்ற பெயரில் இதற்கொரு பொது ஏற்பாட்டைச் செய்தார்கள். அதற்கு முன், பாட்டுக்கு எதிரொலி வேண்டுமென்றால் எதிரொலிக்கென்றே ஓர் இரும்புப் பெட்டி வாங்கி அலமாரியில் வைத்து, வயரால் இணைத்து, தூசி தட்டி வரவேண்டும். 1999-இல் வந்த இரண்டாவது பதிப்பில் எதிரொலி முதலிய அலங்காரங்களோடு வாத்தியங்களும் இதே வழியாக உள்ளே வந்தன. சௌகரியத்துக்குக் குறைவில்லை. ஆனால் ஒன்று: நாம் சேமித்து வைக்கும் பாட்டுக் கோப்பில் நாதஸ்வரம் இருப்பதில்லை. இன்ன பெயருள்ள பிளகினை அழைத்து, இன்ன வினாடியில், இன்ன ஸ்வரத்தை, இவ்வளவு அழுத்தத்தோடு ஊதச் சொல் என்ற உத்தரவு மட்டுமே இருக்கிறது. உத்தரவு எத்தனை ஆண்டானாலும் பத்திரமாக இருக்கும். ஊதுகிறவன் இருப்பானா என்பதற்கு உத்தரவாதம் இல்லை.

எனக்கு வந்த வினை வெங்காய மண்டியிலிருந்து வந்தது. சில ஆண்டுகளுக்கு முன், பங்காளிகளாக இல்லாத காரணத்தால் அதுவரை ஒற்றுமையாக இருந்த இரண்டு பங்குதாரர்கள், பழனிக்கு நடந்து போகும் பக்தர்களுக்காக ஒட்டன்சத்திரம் சாலையில் ஓர் அன்னதானப் பந்தல் போட்டார்கள். காரைக்குடிச் சீமையிலிருந்து நத்தம் வழியாகவும், மதுரைப் பக்கமிருந்து நேராகவும், பச்சை வேட்டியும் காவடியுமாக வரும் கூட்டம் தை மாதத்தில் எங்கள் ஊரைக் கடந்துதான் பழனிக்குப் போகவேண்டும்; ஆகையால் திண்டுக்கல்லில் அன்னதானமும் அதற்கு விளம்பரமும் சேர்ந்தே வளர்ந்திருக்கின்றன. பந்தலில் ஒலிக்க அவர்களுக்கு நான் செஞ்சுருட்டியில் ஒரு பாட்டு அமைத்துக் கொடுத்தேன். பல்லவியில் முருகன், அநுபல்லவியில் பழனிமலை, சரணத்தில் மேற்படி பங்குதாரர்கள் இருவரும் பெயர், இனிஷியல், மண்டியின் கதவு எண் சகிதம் எழுந்தருளியிருந்தார்கள். பாட்டு பிரசித்தி அடைந்தது. கூட்டு வியாபாரம் பிரிந்தது. சென்ற மார்கழியில் மூத்த பங்குதாரர் மட்டும் தனியாகப் படியேறி வந்தார்.

"ஐயா, பாட்டு அதேதான் இருக்கணும். ஒரு எழுத்து மாறக்கூடாது. அந்தாளு பேரை மட்டும் எடுத்துவிட்டுருங்க. அஞ்சு நிமிச வேலைதானே?"

கணினி சம்பந்தமான எந்த வேலையையும் ஐந்து நிமிஷ வேலை என்று சொல்லுகிறவர், அதைத் தாம் செய்யப்போவதில்லை என்ற நிச்சயம் உள்ளவர். ஆனாலும் அவர் கொண்டு வந்திருந்த சின்ன வெங்காய மூட்டையை என் மனையாள் ஏற்கெனவே உள்ளே எடுத்து வைத்துவிட்டபடியால், நான் தலையசைக்க வேண்டியவனானேன்.

இந்த இடைக்காலத்தில், ஐப்பசி மாதத்து இடியொன்று பழைய கணினியின் ஆயுளை முடித்திருந்தது. தீபாவளிக்கு வந்த மருமகன் பழைய உடலிலிருந்து தப்பிப் பிழைத்த டிஸ்க்குகளை எடுத்துப் புதிய உடலில் பொருத்தி, "எல்லாம் ரெடி மாமா" என்று சொல்லிவிட்டு பஸ் ஏறியிருந்தான். அந்தப் புதிய கணினியில் பழைய பாட்டைத் திறந்தேன். நாதஸ்வரம், தவில், உடுக்கை, தம்பூரா, வயலின் கூட்டம், மண்டப எதிரொலி ஆகியவற்றைக் காணவில்லை என்று பட்டியல் வந்தது. "சரி" என்றேன். மிஞ்சியது, பாடிய பெண்ணின் குரலும், நான் கையால் தட்டிப் பதிந்த ஜால்ராவும். ஆதரிப்பார் யாருமின்றி அந்த இரண்டும் செஞ்சுருட்டியில் நடந்து போவதைக் கேட்க எனக்கே பரிதாபமாக இருந்தது.

திரையில் பார்த்தால் ஒரு குறையும் தெரியாது. நாதஸ்வரத் தடம் அதே நீல நிறத்தில், அதே இடத்தில் இருக்கிறது. ஸ்வரங்கள் சின்னஞ்சிறு கட்டங்களாக ஏறுவதும் இறங்குவதுமாக வரிசை தப்பாமல் நிற்கின்றன. காலக்கோடு அவற்றின்மீது ஊர்ந்து போகிறது. சத்தம் மட்டும் இல்லை. எங்கள் மாடி ஜன்னலைத் திறந்தால் மலைக்கோட்டை தெரியும். அந்தப் பாறையின் உச்சியில் அபிராமி அம்மன் கோயில் ஒன்று உண்டு. தூண் உண்டு, மண்டபம் உண்டு, மதில் உண்டு. கருவறையில் விக்கிரகம் மட்டும் இல்லை. வெளியூரிலிருந்து வந்து, மூச்சிரைக்கப் படியேறி, அங்கே சாமியைக் காணவில்லை என்று திகைக்கிறவர்கள் உண்டு. ஊர்க்காரர்கள் திகைப்பதில்லை, அம்மன் அடிவாரத்து ஊருக்குள்ளே காளஹஸ்தீஸ்வரர் கோயிலில் சௌக்கியமாக அர்ச்சனை ஏற்றுக்கொண்டிருக்கிறாள் என்பது அவர்களுக்குத் தெரியும். என் பாட்டும் இந்த நிலைமையில்தான் இருந்தது. வாத்தியங்கள் அநேகமாக அந்தக் கணினிக்குள்ளேயே ஏதோ ஒரு சந்நிதியில் இருந்தன. மென்பொருள் மலையுச்சியை மட்டும் எட்டிப் பார்த்துவிட்டு, கீழே இறங்கி விசாரிக்காமல், இல்லையென்று எழுதிக்கொண்டு போயிருந்தது.

மருமகனுக்குப் போன் செய்தேன். "மாமா, முதல்ல ஸ்கேன் போட்டீங்களா?" என்று அவன் கேட்டது ஸ்பீக்கர் வழியாக அடுக்களை வரையில் கேட்டுவிட்டது. "ஏங்க, எங்கே வலிக்குது? சொல்லவே இல்லையே!" என்று கையில் கரண்டியோடு மாடியேறி வந்த என் மனையாளுக்கு, ஸ்கேன் எனக்கல்ல, கணினிக்கு என்றும், இசை மென்பொருள் தனக்குச் சொல்லப்பட்ட கோப்புறைகளை மட்டும் திறந்து அங்கே என்னென்ன பிளகின்கள் குடியிருக்கின்றன என்று கணக்கெடுப்பதற்கே அப்பெயர் என்றும் விளக்கிச் சொல்வதற்குள், அடுப்பிலிருந்த ரசம் பொங்கி வழிந்துவிட்டது. அதன் பின் அந்த வீட்டில் கணினி சம்பந்தமான பேச்சு சற்றுத் தாழ்ந்த குரலிலேயே நடைபெற்றது.

கணக்கெடுப்பின் இலட்சணத்தைக் கொஞ்சம் சொல்ல வேண்டும். 2008-இல் வெளிவந்த மூன்றாவது பதிப்பைச் சேர்ந்த பிளகின்களுக்கு விண்டோஸில் நிரந்தர விலாசம் உண்டு: சி டிரைவில், புரோகிராம் ஃபைல்ஸில், காமன் ஃபைல்ஸில், விஎஸ்டி3 என்ற கோப்புறை. அவை அங்கேதான் இருக்கவேண்டும். மென்பொருளும் அங்கே தவறாமல் போய்ப் பார்க்கும். இரண்டாம் பதிப்புக் காலத்தவையோ தேசாந்திரிகள். ஒன்று விஎஸ்டி பிளகின்ஸ் என்ற கோப்புறையில் இருக்கும். இன்னொன்று தன்னைச் செய்த கம்பெனியின் பெயரால் தனிக்குடித்தனம் நடத்தும். வேறொன்று, நிறுவும்போது எதிரே இருந்தவர் எதை அழுத்தினாரோ அங்கே கிடக்கும். இவற்றின் விலாசங்களையெல்லாம் நாமே மென்பொருளுக்கு ஒவ்வொன்றாக எழுதிக் கொடுக்கவேண்டும். புதிய கணினியில் எழுதிக் கொடுக்கப்படவில்லை, அவ்வளவே. எழுதிக் கொடுத்தேன், கணக்கெடுப்பு நடந்தது, மண்டப எதிரொலி திரும்பி வந்தது. ஜால்ரா ஒரு பெரிய பிராகாரத்தில் ஒலிக்கத் தொடங்கியதும் எனக்கு உண்டான உற்சாகத்தில், வேலை முக்கால்வாசி முடிந்ததென்று மண்டிக்காரருக்குச் சொல்லியனுப்பினேன்.

தம்பூரா வரவில்லை. பிளகின் இருக்கவேண்டிய இடத்தில் இருந்தது. மென்பொருள் அதைப் பார்த்தும் இருந்தது. ஆனாலும் பட்டியலில் சேர்க்க மறுத்தது. விசாரித்ததில், கணக்கெடுக்கும்போது மென்பொருள் ஒவ்வொரு பிளகினையும் ஒரு முறை திறந்து பரீட்சிக்கும் என்றும், அந்தச் சமயத்தில் தடுமாறி விழுந்ததைத் தடைப்பட்டியலில் எழுதிவிடும் என்றும், அதன்பின் அந்தப் பிளகின் திருந்திவிட்டாலும் அதன் பக்கம் தலை வைத்தும் படுக்காது என்றும் தெரியவந்தது. நாலு தந்தியை மாற்றி மாற்றி மீட்டுவதைத் தவிர உலகத்தில் வேறொரு காரியமும் அறியாத தம்பூராவை, ஒரு க்ஷணத் தடுமாற்றத்துக்காகக் குற்றவாளிப் பட்டியலில் வைப்பது அநியாயம் என்று எனக்குக் கோபம் வந்தது. ஆனால் ஆர்மோனியக்காரனாகிய நான் இதற்கு ஆச்சரியப்படக் கூடாது. லயனல் ஃபீல்டன் என்ற வெள்ளைக்காரர் நிர்வாகத்தில் இருந்த அகில இந்திய வானொலி, 1940 மார்ச் 1 முதல் ஆர்மோனியத்துக்குத் தன் வாசலை அடைத்தது. கமகத்துக்கு ஏற்றதல்ல, இந்திய ஸ்ருதிக்கு இசையாது என்பவை குற்றச்சாட்டுகள். தேசம் சுதந்திரம் அடைந்தது. ஃபீல்டன் எப்போதோ ஊர் திரும்பியிருந்தார். தடை மட்டும் 1971 வரையில் தளரவில்லை. என் தகப்பனார் அந்த முப்பத்தொரு வருஷமும் பஜனை மடத்தில் வாசித்துக்கொண்டே இருந்தார். ஆர்மோனியம் இருந்தது, வாசிப்பவர் இருந்தார், கேட்பவர் இருந்தார். வானொலியின் பட்டியலில் மட்டும் அது இல்லை. தம்பூராவுக்கு அவ்வளவு காலம் பிடிக்கவில்லை. தடைப்பட்டியலை அழித்துவிட்டு, முதலிலிருந்து மறுபடி கணக்கெடுக்கச் சொன்னதும் விடுதலையாகிவிட்டது.

வயலின் கூட்டத்தின் விவகாரம் வேறு. அது காசு கொடுத்து வாங்கிய பிளகின். அதற்குரிய உரிமம், கட்டைவிரல் அளவுள்ள ஒரு யுஎஸ்பி குச்சியில் அடங்கியிருந்தது. குச்சியைச் செருகியிருந்தால்தான் வயலின் பேசும். குச்சி பெங்களூரில் மருமகனுடைய பையில் இருந்தது. ஊரில் இதற்கெல்லாம் இடம் வைக்காதவர்களும் உண்டு. பென்டிரைவில் கைமாறி வரும் கிராக் போட்ட பிளகின்களைக் கொண்டே அவர்கள் சிம்பொனி செய்துவிடுவார்கள். ஆனால் வைரஸ் தடுப்பான் என்னும் காவற்காரன் ஒரு நள்ளிரவில் விழித்தெழுந்து அவற்றை வாரிக்கொண்டு போய்விட்டால், போனது என்னவென்று வெளியே சொல்லி அழவும் அவர்களுக்கு வழியில்லை.

குச்சி கூரியரில் வந்து சேர்ந்த அன்று, பக்கத்து வீட்டுப் பூட்டுக்காரர் மாடிக்கு வந்திருந்தார். எங்கள் ஊர்ப் பூட்டுக்கு 2019-இல் புவிசார் குறியீடு கிடைத்தது. அதற்கு வெகு காலம் முன்பிருந்தே, தகட்டை வெட்டி, லீவர்களை ஒவ்வொன்றாக அரத்தால் ராவி, ஒன்றின் சாவி மற்றொன்றுக்குச் சேராதபடி கையாலேயே மாங்காய்ப் பூட்டுச் செய்கிற பரம்பரை அவருடையது. இந்தக் குச்சிதான் சாவி என்று நான் சொல்லக் கேட்டு, அதை வாங்கி வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"இதுல பல்லே இல்லையே சார். எந்த லீவரைப் போயித் தள்ளும்?"

லீவர் இல்லை, உள்ளே ஓர் எண் இருக்கிறது, அந்த எண்ணைப் பார்த்துப் பிளகின் திறக்கும் என்றேன்.

"சாவி ஒண்ணுதானா? மாத்துச் சாவி குடுக்க மாட்டானா?"

கொடுக்க மாட்டான் என்றேன். அதுமட்டுமல்ல, இப்போது வருகிற பிளகின்கள் பலவற்றுக்கு இந்தக் குச்சியும் இல்லை. மாதாமாதமோ வருஷாவருஷமோ பணம் கட்டிவந்தால் திறந்திருக்கும், கட்டாவிட்டால் அடைத்துக்கொள்ளும் என்பதையும் சொன்னேன். அவர் வெகு நேரம் பேசாமல் இருந்தார். தாத்தா காலத்துப் பூட்டுக்கள் விற்ற விலையும், அவை இன்றும் திறந்து மூடிக்கொண்டிருப்பதும் அவர் மனத்தில் ஓடியிருக்கவேண்டும்.

"பூட்டை ஒருதரம் வித்துப்புட்டு, சாவிக்கு மாசா மாசம் வாடகை வாங்குற யோசனை எங்க ஆளுக யாருக்குமே தோணாமப் போச்சே சார்!" என்று சொல்லிப் படியிறங்கினார்.

தவிலும் உடுக்கையும் திரும்பி வந்த கதையை நீட்ட வேண்டியதில்லை. அவற்றின் பிளகின் இருந்தது. அது வாசிக்கிற ஒலித்துண்டுகள் இருந்த டிஸ்க் மட்டும், பழைய கணினியில் டி என்ற எழுத்தால் அழைக்கப்பட்டதாய், புதியதில் இ என்று பெயர் மாற்றம் பெற்றிருந்தது. டி என்று கூப்பிட்டால் திரும்பிப் பார்க்க அங்கே யாரும் இல்லை. டிஸ்க் நிர்வாகம் என்ற இடத்துக்குப் போய்ப் பழைய எழுத்தையே மீண்டும் சூட்டியதும், தவில் திடீரென்று முழு வேகத்தில் முழங்கி, மேஜை மீதிருந்த தேநீர் தம்ளரைக் கவிழ்த்தது.

ஆகக்கூடி, காணவில்லை என்று சொல்லப்பட்ட வாத்தியங்களில் ஒன்று நீங்கலாக மற்றெல்லாம் இருந்த இடத்திலேயே இருந்தன. அந்த ஒன்று நாதஸ்வரம்.

அது கடல் கடந்த ஒரு தேசத்தில் யாரோ ஒரு தனி மனிதர் பொழுதுபோக்குக்காகச் செய்து இலவசமாக விட்ட 32 பிட் பிளகின். 32 பிட் நிரலால் 4 ஜிபி-க்கு மேற்பட்ட நினைவகத்தை எட்ட முடியாது. 64 பிட் மென்பொருளுக்குள் அதனால் நேராக நுழையவும் முடியாது. இரண்டுக்கும் நடுவே ஜேபிரிட்ஜ் முதலிய பாலங்களைப் போட்டு அழைத்து வருவதுண்டு. ஆப்பிள் கம்பெனியாரோ, 2019-இல் வெளியிட்ட கேட்டலினா பதிப்பில், தாட்சண்யம் சிறிதுமின்றி 32 பிட் ஜாதியை அடியோடு விலக்கி வைத்துவிட்டார்கள். பாலம் போட நான் தயாராகவே இருந்தேன். ஆனால் பாலத்தின் மீது நடந்து வர ஆள் வேண்டுமே! அந்தப் பிளகின் இடி விழுந்த கணினியின் சி டிரைவில் இருந்தது. சி டிரைவ் இடியோடு போயிற்று. மறுபடி வாங்கலாம் என்றால் செய்தவரே அந்தத் தொழிலை விட்டு எங்கோ போய்விட்டார். முதல் முறையாக மென்பொருள் சொன்னது உண்மையாயிருந்தது. எனக்கு அதன்மேல் இருந்த கோபத்துக்கு ஆதாரமே போய்விட்டது.

அன்றிரவு தூக்கம் வரவில்லை. நாதஸ்வர வித்துவான் திருவாவடுதுறை ராஜரத்தினம் பிள்ளை 1956-இல் காலமானார். அவர் வாசித்த தோடி இசைத்தட்டில் இருக்கிறது. கூட ஓர் ஊசியும் சுழலும் தட்டும் இருந்தால் இன்றைக்கும் அது வாசிக்கிறது. அந்தத் தட்டு யாரையும் கூப்பிட்டுவிட்டுக் காத்திருப்பதில்லை; யாருடைய உரிமத்தையும் விசாரிப்பதில்லை. நேற்றுச் செய்த என் பாதயாத்திரைப் பாட்டுக்கோ அத்தனை ஆயுள் இல்லை. விஷயம் தெரிந்தவர்கள் இதற்காகவே, வேலை முடிந்ததும் ஒவ்வொரு தடத்தையும் ஒலியாகவே பதிந்து தனியே எடுத்து வைப்பார்கள். பவுன்ஸ் செய்வது என்று அதற்குப் பெயர். பிளகின் செத்தாலும் அது ஊதியது செத்துப்போகாது. மருமகனும் இதைச் சொல்லியிருக்கிறான்; ஆனால் அவன் சொன்னது இடி விழுந்த பிறகு.

மண்டிக்காரரோ பாட்டு அதேதான் இருக்கணும் என்றிருக்கிறார். வேறு வழியின்றி, தாடிக்கொம்புப் பக்கத்திலிருந்த ஒரு நாதஸ்வர வித்துவானைத் தேடலானேன். தை மாதம், முகூர்த்த காலம். அவருடைய கைப்பேசி, தொடர்பு எல்லைக்கு வெளியே இருப்பதாகச் சொல்லிற்று. பிறகு பிஸியாக இருப்பதாகச் சொல்லிற்று. ஒருவழியாக, ஒரு கல்யாணத்தில் தாலி கட்டு முடித்து, மத்தியானச் சாப்பாடும் முடித்து, தாம்பூலத்தோடு அவர் வந்து சேர்ந்தார். ஜமுக்காளம் ஒட்டிய சுவர்களைப் பார்த்து, "குளிருக்கா?" என்று விசாரித்தார்.

பழைய பாட்டின் எம்பி3 இருந்தது. அதைப் போட்டுக் காட்டினேன். கண்களை மூடிக் கேட்டார். சரணத்தின் நடுவில் வருகிற நீண்ட பிரயோகத்தின்போது அவர் புருவம் நெரிந்தது.

"யாரு வாசிச்சது?"

கணினி என்றேன்.

"அதானே பார்த்தேன். மூச்சே விடலையே! இம்புட்டு நேரம் மூச்சு விடாம வாசிச்சா மனுசன் செத்துல்ல போவான்?" என்றவர், இன்னும் சற்றுக் கேட்டுவிட்டு, "சீவாளியைக்கூட நனைக்கலை போலிருக்கு" என்று அபிப்பிராயம் சொன்னார்.

இதற்குமேல்தான் உண்மையான சங்கடம். பாடிய பெண்ணுடைய ஸ்ருதி ஐந்தரைக் கட்டை. வித்துவானுடையது நீண்ட பாரி நாதஸ்வரம். அதன் ஸ்ருதி இரண்டரைக் கட்டை. கீபோர்டில் ஒரு பொத்தானை அழுத்தி ஸ்ருதியை ஏற்றலாம். ஆச்சா மரத்தில் கடைந்த குழலுக்குப் பொத்தான் ஏது? அவர் தம் ஸ்ருதியில் வாசிக்கட்டும், பதிந்ததைப் பின்னால் மேலே தூக்கிக்கொள்ளலாம் என்று நினைத்து, ஸ்ருதி தூக்கும் பிளகினைத் தேடினேன். அதைக் காணவில்லை என்று மென்பொருள் தெரிவித்தது. நான் பெங்களூருக்குப் போன் போட எழுந்தேன்.

வித்துவான் என் பதற்றத்தைக் கவனித்துக் காரணம் கேட்டார். சொன்னேன்.

"செஞ்சுருட்டிதானே? மத்திம ஸ்ருதியிலே வாசிக்கிற ராகம்தானே இது? என் குழல்ல மத்திமம் எதுவோ அதுதான் உங்க பொண்ணோட ஷட்ஜம். உட்காருங்க."

ஆர்மோனியத்தை இத்தனை காலம் கட்டிக்கொண்டு அழுத நான் கட்டைகளை எண்ணிப் பார்த்தேன். இரண்டரைக் கட்டைக்கு மத்திமம் ஐந்தரைக் கட்டையேதான்.

அவர் சீவாளியை நனைத்துப் பொருத்தி ஒரே ஒரு முறை ஊதினார். ஒலியளவு காட்டும் கம்பங்கள் அத்தனையும் சிவப்பாகி உச்சியில் ஒட்டிக்கொண்டன. மைக்கை அறையின் மறுகோடிக்கும், அங்கிருந்து வெளி வராந்தாவுக்கும் கொண்டுபோக நேர்ந்தது. அவர் உள்ளேயும் மைக் வெளியேயுமாகப் பதிவு நடந்து முடிவதற்குள், எதிர்வீட்டு அம்மாள் புடவை மாற்றிக்கொண்டு வந்து, "வீட்டுல விசேஷமா? தம்பிக்குப் பொண்ணு பார்த்தாச்சா? ஒரு வார்த்தை சொல்லலையே!" என்று என் மனையாளிடம் குறைப்பட்டுக்கொண்டார். தெருவில் சிறு கூட்டம் கூடிவிட்டது. வித்துவான், கூட்டத்தைக் கண்டதும் குஷி பிறந்து, நான் கேட்காத ஒரு சிறு ஆலாபனையையும் சரணத்துக்கு முன்னால் போட்டார். பங்குதாரர் பெயர் நீக்கப்பட்டதால் உண்டான வெற்றிடம் அதனால் சரியாக நிரம்பியது. ஒலியாகவே அதைப் பதிந்து, தனியே இரண்டு டிஸ்க்குகளில் எடுத்து வைத்தேன்.

தைப்பூசத்துக்கு முன்வாரம் அன்னதானப் பந்தலுக்குப் போயிருந்தேன். வயலின் கூட்டமும், விடுதலை பெற்ற தம்பூராவும், பாடுபட்டு மீட்ட மண்டப எதிரொலியும் எப்படி ஒலிக்கின்றன என்று கேட்கும் ஆசை. புளிய மரத்தில் கட்டியிருந்த கோன் ஸ்பீக்கர்கள், நடு ஸ்தாயியைத் தவிர வேறெதையும் வாய்விட்டுச் சொல்லாத வம்சத்தைச் சேர்ந்தவை. தம்பூரா அவற்றில் நுழையவே இல்லை. வயலின் தொலைவில் ஒரு மாவு மில்லை ஞாபகப்படுத்தியது. எதிரொலிக்குப் பதிலாக லாரிகளின் ஹாரன் இருந்தது. நாதஸ்வரம் மட்டும் ரெட்டியார்சத்திரம் வரையில் கேட்டிருக்கும்.

மண்டிக்காரர் என்னைக் கண்டதும் சாம்பார் வாளியைக் கீழே வைத்துவிட்டு வந்தார்.

"பாட்டு பிரமாதம் ஐயா. ஒண்ணே ஒண்ணு. என் பேரு வர்ற இடத்துல அந்த மேளக்காரர் ரொம்ப ஏறி வாசிக்கிறாரு. அதை மட்டும் கொஞ்சம் குறைச்சுக் குடுத்தீங்கன்னா... அஞ்சு நிமிச வேலைதானே?"

நான் ஸ்பீக்கர் செட்டுக்காரப் பையனைக் கூப்பிட்டு, முதலாளியின் பெயர் வருகிற சமயத்தில் இந்தக் குமிழை இடது பக்கம் திருப்பவேண்டும், பெயர் முடிந்ததும் வலது பக்கம் திருப்பவேண்டும் என்று சொல்லிக் கொடுத்தேன். குமிழை அவன் திருப்பியதும் பெயரும் சேர்ந்தே குறைந்தது. முதலாளி அதைக் கவனிப்பதற்கு முன் நான் திண்டுக்கல் பஸ்ஸைப் பிடித்துவிட்டேன்.